இரவல் நிலத்தில் கட்டிய கடை



ஏஜென்சி எடுத்து வியாபாரம் செய்கிறீர்களா? ஒரேயொரு கொம்பனியின் சாமானை நம்பித்தான் காலையில் உங்கள் ஸ்டோரின் கதவு திறக்கிறதா? அப்படியானால் இந்த வாரக் கட்டுரையை அவசரமில்லாமல் வாசியுங்கள். ஓர் அமெரிக்கப் பெண்மணியின் தொழில் வரலாற்றை எழுதப் போகிறேன். அதற்கு முன்னர் என் கதையில் கொஞ்சம் சொல்லியாக வேண்டும்.

1998ஆம் ஆண்டு, யுத்த காலம். திருகோணமலை உட்துறைமுக வீதிப் பக்கம் ஒரு ஸ்டோரை வாடகைக்கு எடுத்து, கொழும்புக் கொம்பனி ஒன்றின் சவர்க்கார ஏஜென்சியைத் தொடங்கினேன். அந்த நாட்களில் எங்கள் பகுதிக்குச் சாமான் கொண்டு வருவதென்றால் சும்மா வேலையில்லை. சோதனைச் சாவடிகளில் பெட்டிகளை இறக்க வேண்டும், திரும்ப ஏற்ற வேண்டும். கிண்ணியாவுக்குப் பாதையில் ஏற்றி ஆற்றைக் கடக்க வேண்டும். மூதூருக்கு லோஞ்சில் அனுப்ப வேண்டும். அந்தக் கஷ்டத்தைப் பட ஆளில்லாததால்தான் கொம்பனி என்னைத் தேடியது. பன்னிரண்டு வருடம் ஓடினேன். ஏறக்குறைய நூற்றெண்பது கடைகள் என் கொப்பியில் இருந்தன.

2009இல் யுத்தம் முடிந்தது. அதே வருடம் கிண்ணியாப் பாலமும் திறக்கப்பட்டது. ஊரெல்லாம் சந்தோஷம், எனக்கும் சந்தோஷம்தான். பாலத்தில் என்னுடைய லொறி மட்டுமல்ல, கொம்பனியின் லொறியும் ஓடும் என்பது அன்றைக்கு என் மூளையில் படவில்லை. 2010இல் ஒரு கடிதம் வந்தது. இரண்டே பந்தி. அடுத்த மாதத்திலிருந்து தங்களுடைய சொந்த வாகனத்தில் விநியோகம், இதுவரை செய்த சேவைக்கு நன்றி. அவ்வளவுதான்.

நான் ஒவ்வொரு கடையாக ஏறி இறங்கினேன். "இத்தனை வருசம் கடன் தந்து பழகின ஆள் நான், வேற சவர்க்காரம் கொண்டு வாறன், எடுங்க" என்று கேட்டேன். கிண்ணியாவில் ஒரு தம்பி முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "நானா, குறை நினைக்காதீங்க. சனம் அந்தச் சவர்க்காரத்தத்தான் கேக்குது. எங்களுக்கு லொறி வந்தாச் சரி."

அவர் சொன்னதில் பிழையில்லை. நூற்றெண்பது கடைகளும் என் வாடிக்கையாளர்கள் என்று பன்னிரண்டு வருடமாக நினைத்திருந்தேன். அவர்கள் சவர்க்காரத்தின் வாடிக்கையாளர்கள். என் பில் புத்தகத்தில்கூட பெரிய எழுத்தில் இருந்தது கொம்பனியின் பெயர். என் பெயர் மூலையில் சின்னதாக ஒரு ரப்பர் முத்திரை.

மகள் சொன்ன கதை

என் இளைய மகள் வீட்டிலிருந்தபடியே கணினியில் படம் வரைந்து வெளிநாட்டுக்கு அனுப்பிச் சம்பாதிக்கிறாள். புத்தக அட்டை, விளையாட்டுப் பெட்டி என்று வேலைகள் வரும். ஒரு நாள் இரவுச் சாப்பாட்டின்போது சொன்னாள்: "வாப்பா, அமெரிக்காவில ஒரு பொம்புள விளையாட்டுப் புத்தகக் கொம்பனி நடத்தினா. அவட கதையும் உங்கட ஏஜென்சிக் கதையும் ஒண்டுதான். ஆனா முடிவு வேற."

முடிவு வேறு என்ற அந்தச் சொல் என்னைக் குத்தியது. என்ன வேறு என்று தேடிப் பார்த்தேன். அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில் அது என்ன விளையாட்டு? ஆங்கிலத்தில் ரோல் பிளேயிங் கேம் என்கிறார்கள். நாலைந்து பேர் ஒரு மேசையைச் சுற்றி உட்காருவார்கள். ஒருவர் கதை சொல்லி. மற்றவர்கள் கதைக்குள் ஆளுக்கொரு பாத்திரம். ஒருவர் போர்வீரன், ஒருவர் வைத்தியர், ஒருவர் வியாபாரி என்று வைத்துக்கொள்ளுங்கள். "காட்டுக்குள் போகிறீர்கள், ஆறு குறுக்கிடுகிறது, என்ன செய்வீர்கள்?" என்று கதை சொல்லி கேட்பார். அவரவர் முடிவைச் சொல்வார்கள். முடிவு பலித்ததா என்பதைப் பகடை உருட்டிப் பார்ப்பார்கள். 1974இல் வெளிவந்த டன்ஜன்ஸ் அன்ட் டிராகன்ஸ் என்பதுதான் இந்த வகையில் முதலில் விற்பனைக்கு வந்த விளையாட்டு.

பகடை என்றதும் சிலர் முகம் சுளிக்கலாம். இதில் பணம் வைத்து ஆடுவதில்லை. இருந்தாலும் மார்க்கத் தீர்ப்பை உலமாக்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். விளையாடச் சொல்லி நான் எழுதவில்லை. அதன் பின்னால் உள்ள வியாபாரத்தைப் பார்ப்போம்.

இந்த வியாபாரத்தில் விற்கும் சாமான் புத்தகம். விதிகள் அடங்கிய தடித்த புத்தகம் ஒன்று, பிறகு அந்த விதிகளின்படி ஆடுவதற்கான கதைப் புத்தகங்கள். விதிப் புத்தகத்தை ஒருவர் ஒரு தடவைதான் வாங்குவார். கதைப் புத்தகத்தை மாதா மாதம் வாங்குவார். நம் பாஷையில் சொன்னால் விதிப் புத்தகம் அடுப்பு, கதைப் புத்தகம் விறகு.

சின்னக் கொம்பனியில் தொடங்கியவர்

அந்தப் பெண்மணியின் பெயர் லீசா ஸ்டீவன்ஸ். 1980களின் பிற்பகுதியில் மினசோட்டா மாநிலத்தில் கல்லூரி நண்பர்கள் சிலர் லயன் ரம்பன்ட் என்ற சிறிய பதிப்பகத்தை நடத்தினார்கள். அவர்களின் முதல் பெரிய வெளியீடு 1987இல் வந்த ஆர்ஸ் மாஜிக்கா. லீசா அங்கே எழுத்துகளைத் திருத்தும் வேலையில் சேர்ந்தார். கையில் முதல் இல்லாத கொம்பனி. திருத்துவதும் அவர்கள்தான், பெட்டி கட்டுவதும் அவர்கள்தான்.

பின்னர் அந்தப் பதிப்பகம் வைட் வுல்ஃப் என்ற சஞ்சிகையோடு இணைந்தது. 1991இல் லீசா அங்கிருந்து விலகி, சியாட்டில் நகரப் பக்கம் அப்போதுதான் முளைத்திருந்த விசார்ட்ஸ் ஒஃப் த கோஸ்ட் என்ற கொம்பனிக்குப் போனார். அங்கே முழுநேரச் சம்பளத்துக்கு எடுக்கப்பட்ட முதல் ஆள் அவர்தான். 1993இல் அந்தக் கொம்பனி வெளியிட்ட மஜிக் என்ற சீட்டு விளையாட்டு உலகமெங்கும் விற்றது. அந்தக் காசின் பலத்தில் 1997இல், கடனில் மூழ்கிக்கிடந்த டன்ஜன்ஸ் அன்ட் டிராகன்ஸ் கொம்பனியையே வாங்கிவிட்டார்கள். 1999இல் ஹாஸ்ப்ரோ என்ற பென்னம்பெரிய விளையாட்டுப் பொருள் கொம்பனி விசார்ட்ஸை வாங்கியது. பெரிய மீன் சின்ன மீனை விழுங்க, அதைவிடப் பெரிய மீன் அதை விழுங்கியது. கொஞ்ச காலத்தில் லீசாவும் அங்கிருந்து வெளியே வந்தார்.

அதுவரை அவர் செய்த வேலைகளைக் கவனியுங்கள். எழுத்துத் திருத்தம், விற்பனை, ஒரு விளையாட்டின் பெயரைச் சந்தையில் நிலைநிறுத்தும் பொறுப்பு. சம்பளத்துக்கு வேலை செய்த காலத்தில் தொழிலின் ஒவ்வொரு அறையையும் பார்த்துவிட்டார்.

2002: இரவல் நிலம்

2002இல் லீசா தன் துணைவர் விக் வேர்ட்ஸ் முதலானோருடன் சேர்ந்து பைஸோ என்ற பதிப்பகத்தைத் தொடங்கினார். கிரேக்க மொழியில் அந்தச் சொல்லுக்கு 'நான் விளையாடுகிறேன்' என்று பொருள். தொழில் என்ன? விசார்ட்ஸ் கொம்பனி தன் சஞ்சிகைகளைத் தானே நடத்த விரும்பாமல் வெளியில் கொடுத்தது. 1976இல் தொடங்கிய ட்ராகன், 1986இல் தொடங்கிய டன்ஜன் ஆகியவை அவற்றுள் முக்கியமானவை. அவற்றை லைசன்சில் எடுத்து அச்சிட்டு விற்பதுதான் பைஸோவின் பிழைப்பு.

இப்போது உங்களுக்கு விளங்கியிருக்கும். என் சவர்க்கார ஏஜென்சிதான் இது. பெயர் அவர்களுடையது, உழைப்பு இவருடையது. நிலம் இரவல், கட்டிய கடை இவருடையது.

ஐந்து வருடம் நன்றாக நடந்தது. 2007 ஏப்ரலில் அறிவிப்பு வந்தது: லைசன்ஸ் புதுப்பிக்கப்படாது, இரண்டு சஞ்சிகைகளும் அந்த வருடம் செப்டெம்பரோடு நிற்கும். ட்ராகனின் 359ஆவது இதழும் டன்ஜனின் 150ஆவது இதழும் கடைசி அச்சு இதழ்கள்.

எனக்கு வந்த கடிதம்தான் அவருக்கும் வந்தது. ஆனால் அவர் கையில் இருந்தது, என் கையில் இல்லாதது என்ன?

முதலாவது, வாடிக்கையாளரின் விலாசம். சந்தா கட்டிய வாசகர்கள் நேரே பைஸோவுக்குப் பணம் கட்டினார்கள். பெயர், ஊர், எத்தனை இதழ் பாக்கி என்ற கணக்கெல்லாம் பைஸோவிடம் இருந்தது. இணையத்தில் சொந்தக் கடையும் இருந்தது. அங்கே மற்றப் பதிப்பகங்களின் சாமான்களையும் விற்றார்கள்.

இரண்டாவது, கைத்தொழில். டன்ஜன் சஞ்சிகையில் மாதாமாதம் தொடராக வரும் நீண்ட கதைகளை அமைப்பதில் அவருடைய ஆசிரியர் குழு பெயர் எடுத்திருந்தது. சஞ்சிகையின் பெயரைத் திருப்பிக் கேட்கலாம். அந்தக் கைத்திறனைத் திருப்பிக் கேட்க யாராலும் முடியாது.

மூன்றாவது, திறந்த வழி. 2000ஆம் ஆண்டு விசார்ட்ஸ் கொம்பனியே ஒரு பொது அனுமதிப்பத்திரத்தை வெளியிட்டிருந்தது. அதன் நிபந்தனைகளுக்கு உட்பட்டு, அந்த விளையாட்டின் அடிப்படை விதிகளை யாரும் பயன்படுத்திச் சொந்தப் புத்தகம் அச்சிடலாம். லீசாவின் குழு அந்த வழியைப் பிடித்தது.

சஞ்சிகைகள் நின்றுபோகும் முன்பே, 2007 ஓகஸ்டில், பாத்ஃபைண்டர் என்ற சொந்தப் பெயரில் மாதாந்தக் கதைப் புத்தகத்தின் முதல் பாகம் வெளிவந்துவிட்டது. கடை ஒரு நாள்கூடப் பூட்டிக் கிடக்கவில்லை.

முன்பணம் ஓர் அமானிதம்

இந்தக் கதையில் என்னை அதிகம் தொட்ட இடம் இதுதான். சஞ்சிகை நிற்கும்போது, சந்தா முன்பணம் கட்டியிருந்த வாசகர்களுக்கு இதழ்கள் பாக்கி இருந்தன. முன்பணம் என்பது வருமானமல்ல, கடன். செலவழிந்து போயிருக்கக்கூடிய கடன். பைஸோ அவர்களுக்குத் தெரிவு கொடுத்தது: பாக்கிக்குப் பதிலாகப் புதிய பாத்ஃபைண்டர் புத்தகம் எடுக்கலாம், எங்கள் கடையில் வேறு சாமான் எடுக்கலாம், அல்லது பணத்தைத் திருப்பி வாங்கலாம்.

கொம்பனி நிற்குமா விழுமா என்று தெரியாத நேரத்தில் "பணம் வேண்டுமானால் தருகிறேன்" என்று சொல்வதற்குத் துணிவு வேண்டும். அப்படிச் சொன்னவரிடம்தான் சனம் புதிய சாமானையும் நம்பி வாங்கும். நம் பெரியவர்கள் அமானிதம் என்று சொல்லித்தந்தது இதைத்தானே?

பெரியவன் பாதையை மாற்றியபோது

சோதனை அதோடு முடியவில்லை. 2008இல் விசார்ட்ஸ் கொம்பனி டன்ஜன்ஸ் அன்ட் டிராகன்ஸின் நான்காம் பதிப்பை வெளியிட்டது. விதிகள் பெரிதும் மாறின. புதிய பதிப்புக்கான அனுமதிப்பத்திரம் பிந்தியது. வந்தபோதும் முந்தியதைவிட இறுக்கமாக இருந்தது. காத்திருந்தால் அச்சகத்துக்கு அனுப்பப் புத்தகம் இராது.

லீசாவின் கொம்பனி காத்திருக்கவில்லை. பழைய விதிகளே பிடிக்கும் என்று சொல்லும் வாடிக்கையாளர்கள் ஏராளம் இருந்தார்கள். அவர்களுக்காக அந்த விதிகளைத் திருத்தி, சொந்த விதிப் புத்தகமே வெளியிடுவது என்று 2008 மார்ச்சில் அறிவித்தது. ஜேசன் புல்மான் என்பவர் தலைமையில் வேலை நடந்தது. விதிகளின் வரைவை இணையத்தில் இலவசமாகக் கொடுத்து, "விளையாடிப் பார்த்துக் குறை சொல்லுங்கள்" என்று கேட்டார்கள். விளையாடுகிறவர்கள் குறை சொன்னார்கள், இவர்கள் திருத்தினார்கள்.

2009 ஓகஸ்டில் 576 பக்கத்தில் புத்தகம் வந்தது. முதல் அச்சு விற்றுத் தீர்ந்தது. விலை ஏறக்குறைய 50 டொலர். அதையே கணினியில் வாசிக்கும் பிரதியாக 10 டொலருக்குக் கொடுத்தார்கள். 2011 அளவில், கடைகளின் விற்பனைப் பட்டியலில் டன்ஜன்ஸ் அன்ட் டிராகன்ஸையே பின்தள்ளி, பாத்ஃபைண்டர் சில வருடம் முதலிடத்தில் நின்றது. ஏஜென்சி இழந்தவர் முதலாளியின் சாமானை முந்தினார்.

எல்லாம் இனிப்பில்லை

ஒருவரின் வெற்றியை மட்டும் எழுதினால் அது விளம்பரம். பாத்ஃபைண்டரை இணையத்தில் ஆடும் கணினி விளையாட்டாக்க முயன்ற சகோதரக் கொம்பனி காசில்லாமல் 2015இல் பெரும்பாலான ஊழியர்களை நிறுத்தியது. தெரிந்த தொழிலில் வென்றவர் தெரியாத தொழிலிலும் வெல்வார் என்று எந்தச் சட்டமும் இல்லை.

லீசா அன்றாட நிர்வாகத்திலிருந்து ஒதுங்கிக்கொண்டிருந்த காலத்தில், 2021 ஒக்டோபரில், பைஸோ ஊழியர்கள் சம்பளத்தையும் வேலை நிலைமையையும் முன்வைத்துத் தொழிற்சங்கம் அமைத்தார்கள். கொம்பனி அதே மாதம் அதை அங்கீகரித்தது. வாடிக்கையாளரின் காசுக்குக் கணக்குச் சொல்கிறவர், கடையில் நிற்கும் பொடியனின் வியர்வைக்கும் கணக்குச் சொல்ல வேண்டும்.

2023 ஜனவரியில் இன்னொரு இடி. அந்தப் பழைய பொது அனுமதிப்பத்திரத்தை விசார்ட்ஸ் கொம்பனி மாற்றப்போகிறது என்ற செய்தி கசிந்தது. பதினாறு வருடம் சொந்தக் கடை என்று நடத்தியதன் ஒரு வேர் இன்னும் இரவல் நிலத்தில்தான் இருந்தது! பைஸோ உடனே மற்றப் பதிப்பகங்களையும் சேர்த்துக்கொண்டு, எந்தக் கொம்பனிக்கும் சொந்தமில்லாத புதிய அனுமதிப்பத்திரம் ஒன்றை உருவாக்குவதாக அறிவித்தது. எட்டு மாதத்துக்கென்று வைத்திருந்த விதிப் புத்தகங்கள் இரண்டு வாரத்தில் விற்றுப்போனதாகக் கொம்பனி சொன்னது. எதிர்ப்பு கிளம்பியதால் விசார்ட்ஸ் அந்த மாதமே பின்வாங்கியது. ஆனால் பைஸோ பின்வாங்கவில்லை. அந்த வருட நவம்பர் முதல், பழைய வேரை வெட்டிவிட்டுத் திருத்தி எழுதிய புத்தகங்களை வெளியிடத் தொடங்கியது.

நம் பக்கத்திலும் ஒருவர்

அமெரிக்காவில்தான் இப்படி நடக்கும் என்று நினைக்க வேண்டாம். சென்னையில் வினிதா சித்தார்த்தா என்ற பெண்மணி 2000களின் தொடக்கத்திலிருந்து க்ரீடா என்ற நிறுவனத்தை நடத்துகிறார். பல்லாங்குழி, ஆடுபுலி ஆட்டம், பரமபதம் போன்ற பழைய ஆட்டங்களை அழகாகச் செய்து, விதிமுறைகளோடு பெட்டியில் போட்டு விற்கிறார். அந்த ஆட்டங்கள் யாருக்கும் தனிச் சொத்தல்ல. ஆகவே லைசன்சைப் பறிக்கவும் ஆளில்லை. ஆனால் நாளைக்கு யாரும் அதையே செய்து விற்கலாம். அப்படிப்பட்ட தொழிலில் செய்நேர்த்தியும் பெயரும்தான் வேலி.

நமக்கான பாடம்

ஏஜென்சி எடுக்காதீர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. முதல் இல்லாதவனுக்கு ஏஜென்சி நல்ல ஏணி. லீசாவும் அந்த ஏணியில்தான் ஏறினார். ஏணியிலேயே பாய் விரித்துப் படுத்ததுதான் நான் செய்த பிழை. எனக்குப் பிந்தி விளங்கியவற்றைச் சொல்கிறேன்.

1. பில்லில் உங்கள் பெயர் பெரிதாக இருக்கட்டும். கடைக்காரர் டெலிபோனில் உங்கள் இலக்கத்தை எந்தப் பெயரில் பதிந்து வைத்திருக்கிறார் என்று பாருங்கள். சாமானின் பெயரில் இருந்தால் கவனம்.

2. ஏஜென்சி நன்றாக ஓடும் காலத்திலேயே சின்னதாக ஒரு சொந்தச் சாமானைத் தொடங்குங்கள். கடிதம் வந்த பிறகு தொடங்கினால் பட்டினியோடு தொடங்க வேண்டும்.

3. ஒப்பந்தம் முடியும் திகதியைக் கலண்டரில் சிவப்பில் குறியுங்கள். எத்தனை மாத முன்னறிவித்தல் தரவேண்டும் என்பதை எழுத்தில் வாங்குங்கள். நான் வாங்கவில்லை.

4. உங்களைத் தேவைப்படுத்தும் காரணம் எதுவென்று கண்டுபிடியுங்கள். என்னைத் தேவைப்படுத்தியது உடைந்த வீதியும் பாலமில்லாத ஆறும். அவை சரியானதும் என் தேவை முடிந்தது.

5. முன்பணம் வாங்கினால் தனியாக எழுதி வையுங்கள். அது உங்கள் காசல்ல.

அந்தக் கடிதத்துக்குப் பிறகு மூன்று வருடம் நான் பட்ட பாட்டை எழுதினால் இந்தப் பக்கம் போதாது. உம்மாவின் நகை அடகுக் கடைக்குப் போனது. கடைசியில் துறைமுகப் பக்கத்து மீனவர்களிடம் கருவாடு எடுத்து, சுத்தமாகப் பெட்டி கட்டி, என் சொந்தப் பெயரை ஒட்டிக் கண்டிக்கும் கொழும்புக்கும் அனுப்பத் தொடங்கினேன். சவர்க்காரத்தில் ஒரு நாளில் புரண்ட காசு இதில் ஒரு மாதத்தில்தான் புரண்டது. ஆனால் அல்ஹம்துலில்லாஹ், இன்றைக்குக் கண்டியிலிருந்து வரும் டெலிபோன் அழைப்பு என் பெயரைச் சொல்லித்தான் வருகிறது.

மகளிடம் அன்றிரவே கேட்டேன்: "மகள், உங்கட வேல முழுக்க ஒரே ஆளிட்ட இருந்தா வருது?" கொஞ்ச நேரம் பேசாமல் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தாள். பிறகு, "ஓம் வாப்பா, முக்கால்வாசி" என்றாள். போன மாதம் தன் பெயரில் தனியாக ஒரு படப் புத்தகம் வரையத் தொடங்கியிருக்கிறாள்.

இன்றிரவு கடையைப் பூட்டிய பிறகு ஒரு தாளை எடுங்கள். உங்கள் மாத வருமானத்தை எழுதி, நாளைக்கு ஒரு கடிதம் வந்தால் அதில் எவ்வளவு மிஞ்சும் என்று பக்கத்தில் எழுதுங்கள். அந்த இரண்டாவது தொகைதான் உங்கள் சொந்த வியாபாரம். அதைப் பெருப்பிக்கும் வழியை நாளைக் காலையிலேயே தேடத் தொடங்குங்கள்.

இன்ஷா அல்லாஹ், அடுத்த வாரம் சந்திப்போம்.